நடை வேகத்தில் நூற்றுமுப்பது தொன்

உலகத்தில் எனக்கு மிகப் பிடித்த வாகனம் எது என்று கேட்டால் யோசிக்காமல் சொல்வேன்: பெட்டி தள்ளுகிற வண்டி. ஆலை முற்றத்திலோ புகையிரத நிலையத்தின் பக்கத் தண்டவாளத்திலோ நிற்கிற சரக்குப் பெட்டியை அங்கிருந்து எடுத்து இங்கே வைக்கிற, குள்ளமான, அகலமான, மனிதன் நடக்கிற வேகத்தைத் தாண்டாத அந்த வண்டி. யாழ்தேவி வன்னிக் காட்டைக் கிழித்துக்கொண்டு பறக்கிற வேகத்தைப் பற்றி நிறையப் பேர் எழுதியிருக்கிறார்கள். புதுப் பாதை மணிக்கு 120 கிலோமீற்றர் தாங்கும் என்று பெருமையாகச் சொல்கிறார்கள். எனக்கும் பெருமைதான். ஆனால் என் நெஞ்சு துள்ளுவது மெல்லப் போகிறதைப் பார்க்கும்போது. நூற்றுமுப்பது தொன் இரும்பும் சரக்கும் ஒரு மனிதனின் கையசைவுக்குக் கட்டுப்பட்டு, முட்டை உடையாத மெதுவில் வந்து இன்னொரு பெட்டியோடு பொருந்துகிற அந்தக் கணத்துக்கு ஈடாக நான் கண்டது எதுவும் இல்லை.

நான் கிளிநொச்சிப் பிள்ளை. தண்டவாளம் இல்லாத கிளிநொச்சியில் வளர்ந்தவன். 1905 ஓகஸ்ட்டில் கொழும்பையும் யாழ்ப்பாணத்தையும் தொடுத்த வடபாதை, 1990 இல் எங்கள் பக்கம் நின்றுபோனது. பிறகு தண்டவாளமும் சிலிப்பர் கட்டையும் பதுங்குகுழிகளுக்குக் கூரையாகப் போயின. எங்களுக்கு மிஞ்சியது அந்த நீளமான, நேரான மண்ணணை. அதன்மேல் பள்ளிக்கூடம் போனோம், சைக்கிள் பழகினோம், மாடு சாய்த்தோம். அங்கே ஒருகாலத்தில் கோச்சி ஓடியது என்பதை எனக்கு நம்பவைத்தவர் என் மாமா. காங்கேசன்துறைச் சீமெந்துத் தொழிற்சாலை ஓடிய காலத்தில் அந்தப் பக்கம் பெட்டி பிணைக்கிற வேலையில் தொடங்கி, பின்னாளில் வவுனியாவில் இருந்தவர். ‘சண்டிங்’ என்றுதான் அவர் சொல்வார். மற்றவர்கள் கடலைப் பற்றியும் வேட்டையைப் பற்றியும் பேசுகிற மாதிரி அவர் சண்டிங்கைப் பற்றிப் பேசுவார். எனக்கு அலுத்ததே இல்லை.

2002 இல் ஏ-9 பாதை திறந்த பிறகு வவுனியாவுக்கு அவரிடம் போனேன். நேரே நிலையத்துக்குத்தான் கூட்டிக்கொண்டு போனார். அப்போது வவுனியாதான் வடபாதையின் கடைசி. அதற்கு அப்பால் பாதை இல்லை. வந்த வண்டி திரும்பிப் போகவேண்டுமென்றால் முன்னால் நிற்கிற எஞ்சின் பின்பக்கத்துக்கு வரவேண்டும். கழற்றி, முன்னே போய், பொயின்ற் மாற்றி, பக்கத்துப் பாதையால் பெட்டிகளைக் கடந்து, மறுபடி பொயின்ற் மாற்றி, பின்னால் வந்து கொழுவவேண்டும். பயணிகள் எல்லாரும் மூட்டை முடிச்சோடு வெளியே ஓடிக்கொண்டிருந்தார்கள். நான் மட்டும் மேடையின் நுனியில் வாய் பிளந்து நின்றேன். எஞ்சின் வந்து பெட்டியைத் தொட்டது. ஒரு சின்ன முட்டல். எஞ்சின் நின்றது. தண்டவாளத்துக்குப் பக்கத்தில் நின்றவர் கையை உயர்த்திக் காட்டினார். அதற்குப் பிறகுதான் குனிந்து உள்ளே போனார். மாமா என் தோளில் தட்டிச் சொன்னார்: “பாத்தியா மருமோன், முட்டின பிறகு நிண்டது. நிண்ட பிறகு கை காட்டினவர். காட்டின பிறகுதான் உள்ள போனவர். இந்த மூண்டும் வரிசை மாறினால் ஆள் இல்லை.”

அந்த வரிசை ஏன் அவ்வளவு முக்கியம் என்பது இங்கத்தைப் பெட்டிகளின் அமைப்பைப் பார்த்தால் விளங்கும். எங்கள் பாதையில் பெரும்பாலும் ஓடிய பெட்டிகளுக்கு இரண்டு பக்கமும் உருண்டைத் தலை முட்டுத்தாங்கிகள். நடுவில் கொக்கியும், திருகி இறுக்குகிற இணைப்பும். அந்தக் கொக்கியைத் தூக்கிப் போட ஒரு மனிதன் இரண்டு வாகனங்களுக்கும் நடுவில் நுழையத்தான் வேண்டும். வட அமெரிக்காவில் அப்படியில்லை. ஈலை ஜானி என்பவர் 1873 இல் காப்புரிமை பெற்ற, கை விரல்களை மடக்கிக் கோத்தது போன்ற இணைப்பின் வழிவந்தவைதான் அங்கே எல்லாப் பெட்டியிலும் இருக்கின்றன. முட்டினால் தானே பூட்டிக்கொள்ளும். அதற்கு முன்பு அங்கேயும் பிணைப்புத் தொழிலாளிகள் விரலும் கையும் உயிரும் இழந்துகொண்டுதான் இருந்தார்கள். 1893 இல் சட்டம் வந்துதான் தானியங்கி இணைப்பு கட்டாயமானது. இரண்டு முறையையும் கிட்ட நின்று பார்த்தவன் என்ற வகையில் சொல்கிறேன்: ஜானியின் இணைப்பு எவ்வளவோ பாதுகாப்பானது. ஆனாலும் வவுனியாவில் திருகு இணைப்பைக் கையாண்ட மனிதர்களின் ஒழுங்கைப் போல ஒன்றை நான் வேறெங்கும் காணவில்லை. அவர்களுக்குக் காவல் அந்த வரிசை ஒன்றுதான்.

பிறகு காலம் என்னைக் கனடாவுக்குக் கொண்டுபோனது. ஒன்ராறியோவில் பிளாஸ்ரிக் மணிகள் பெட்டி பெட்டியாக வந்து இறங்குகிற ஓர் ஆலையில் வேலை கிடைத்தது. அங்கே பக்கத் தண்டவாளத்தில் நின்றது ஒரு ட்றாக்மொபைல். மஞ்சள் நிறம். அதைக் கண்ட அன்று இரவு வவுனியாவுக்குத் தொலைபேசி எடுத்து மாமாவிடம்தான் முதலில் சொன்னேன். அவருக்கு ஒன்ராறியோ என்ற பெயர் ஏற்கெனவே தெரியும். கொழும்புத் திட்டத்தின் கீழ் 1954 முதல் கனடா இலங்கைக்குக் கொடுத்த எம்-2 எஞ்சின்கள் பலவற்றுக்குக் கனடிய மாகாணங்களின் பெயர்களைத்தான் சூட்டியிருந்தார்கள். அதில் ஒன்று ஒன்ராறியோ, இன்னொன்று அல்பேர்ட்டா. “ஒன்ராறியோ நல்ல எஞ்சின்” என்றார் மாமா, ஊரைப் பற்றி ஒன்றும் கேட்காமல்.

ட்றாக்மொபைலைப் பற்றி எவ்வளவு சொன்னாலும் எனக்குத் தீராது. 1940களின் கடைசியில் அமெரிக்காவில் வைற்றிங் என்ற கம்பனி உருவாக்கிய வண்டி. அதற்கு இரண்டு சோடிக் கால்கள்: தரையில் ஓட ரயர்ச் சில்லு, தண்டவாளத்தில் ஓட இரும்புச் சில்லு. பெட்டிகளின் இந்தப் பக்கத்தில் வேலை முடிந்ததா? பெரிய எஞ்சினைப் போலச் சுற்று வழி தேட வேண்டியதில்லை. கடவைக்கு வந்து, ரயரை இறக்கி, தெருவால் ஓடி, மறுபக்கத்துக்குப் போய், தண்டவாளத்துக்கு நேராக நின்று, இரும்புச் சில்லை இறக்கினால் சரி. வவுனியாவில் எஞ்சின் அவ்வளவு நேரம் சுற்றி வந்து செய்ததை இது ஒரு தேநீர் குடிக்கிற நேரத்தில் செய்துவிடுகிறது. ஜேர்மனியின் யூனிமொக் லொறியிலும் இப்படி ஒரு வகை இருக்கிறது. அது ரயரையே தண்டவாளத்தின்மேல் ஊன்றி இழுக்கும். சிறிய இரும்புச் சில்லுகள் வழி விலகாமல் பிடித்துக்கொள்ளும். ஆயிரம் தொன் வரைக்கும் இழுக்குமென்று அதைச் செய்கிறவர்கள் சொல்கிறார்கள்.

ஆனால் என் வண்டியின் உண்மையான மாயம் வேறு. ஓர் எஞ்சின் எவ்வளவு இழுக்கும் என்பதைத் தீர்மானிப்பது அதன் குதிரைவலு மட்டுமில்லை. சில்லு தண்டவாளத்தைப் பிடிக்கிற பிடிதான் எல்லை. காய்ந்த தண்டவாளத்தில் இரும்புச் சில்லுக்குத் தன் எடையில் காற்பங்கு அளவு பிடி கிடைக்கும். நனைந்தால் அதிலும் பாதி போய்விடும். அதற்குமேல் இழுக்கப் பார்த்தால் சில்லு நின்ற இடத்தில் சுழலும். அதனால்தான் எஞ்சின்களைக் கனமாகச் செய்கிறார்கள். தெருவிலும் ஓடவேண்டிய வண்டியை அப்படிக் கனமாகச் செய்ய முடியாது. ட்றாக்மொபைல் என்ன செய்கிறது தெரியுமா? பெட்டியோடு பூட்டிக்கொண்ட பிறகு, தன் இணைப்பை ஹைட்றோலிக்கால் மெல்ல மேலே உயர்த்துகிறது. பெட்டியின் எடையில் ஒரு பங்கு, பல தொன், இந்தக் குட்டி வண்டியின் சில்லுகளின்மேல் இறங்குகிறது. எந்தப் பாரத்தை இழுக்கவேண்டுமோ அந்தப் பாரத்திடமே பலத்தைக் கடன் வாங்கிக்கொண்டு அதை இழுக்கிறது! முதல்முறை அந்த நெம்பை அசைத்தபோது வண்டி என் இருக்கைக்குக் கீழே அமுங்கி உட்கார்ந்ததை உடம்பால் உணர்ந்தேன். இதைக் கண்டுபிடித்த மனிதனைக் கட்டிப்பிடிக்கவேண்டும் போல இருந்தது.

இழுப்பதைவிட நிறுத்துவது கடினம். இதைத்தான் என்னைப் பழக்கிய மூத்த தொழிலாளி திரும்பத் திரும்பச் சொன்னார், மாமாவும் சொன்னார். நிறைந்த பெட்டி ஒன்று 130 தொன் வரை இருக்கும். அதை நகர்த்த ஆகும் முயற்சியைக் கேட்டால் நம்பமாட்டீர்கள். சமதரையில், உருளை பெயரிங் பூட்டிய பெட்டி ஒருதரம் உருளத் தொடங்கிவிட்டால், தொடர்ந்து உருட்ட ஏறக்குறைய இருநூறு கிலோ விசை போதும். நாலைந்து பேர் முதுகு கொடுத்தால் முடிகிற காரியம். நானூறு அடிக்கு ஓரடி சரிவு இருந்தால் அந்த நாலைந்து பேரும் தேவையில்லை, பூமியே தள்ளிவிடும்.

நானூறுக்கு ஒன்று என்ற சரிவு கண்ணுக்குத் தெரியாது. இதை விளங்கிக்கொள்ள வன்னிக்காரனுக்குப் பாடம் தேவையில்லை. வவுனியாப் பக்கத்திலிருந்து வருகிற கனகராயன் ஆற்றைப் பாருங்கள். நிலம் பாய் விரித்தது மாதிரித்தான் கிடக்கிறது. ஆனால் தண்ணீருக்கு வடக்கு எது என்று தெரிந்திருக்கிறது. இரணைமடுவுக்கு வந்து, வாய்க்கால்களால் பிரிந்து, வயல்களைக் கடந்து, மீதம் சுண்டிக்குளம் கடனீரேரிக்குப் போகிறது. சரிவை எங்கள் கண்கள் காண்பதில்லை, தண்ணீர் கண்டுபிடிக்கிறது. உருளை பெயரிங் பூட்டிய பெட்டியும் தண்ணீரின் சாதிதான். ஒன்ராறியோ ஆலையில் எல்லாரும் ‘சமதளம்’ என்று சொல்லிக்கொண்டிருந்த பக்கப் பாதையில், இறங்கி நின்று பார்க்கும்போதெல்லாம் என் மனம் வாய்க்கால் வெட்டுகிறவனின் மனமாகத்தான் இருந்தது. தண்ணீர் ஊற்றினால் இது எந்தப் பக்கம் ஓடும்?

“நிக்கிற பெட்டியைத்தான் நம்பக் கூடாது. ஓடுறது சத்தம் போட்டுச் சொல்லும். நிக்கிறது சொல்லாது” என்பார் மாமா. இதன் முழு அர்த்தம் பிறேக்கின் உள்ளமைப்பைப் படித்தபோதுதான் விளங்கியது. எங்கள் நாட்டுப் பெட்டிகளில் நெடுங்காலமாக இருப்பது வெற்றிட பிறேக். குழாய்க்குள் காற்றை உறிஞ்சி வெற்றிடம் உண்டாக்கினால் பிறேக் விலகும். குழாய் அறுந்தால் காற்று உள்ளே பாய்ந்து பிறேக் தானாகவே பிடிக்கும். ஓடும் வண்டிக்கு இது அருமையான காவல். வட அமெரிக்காவில் இதற்கு எதிர்மாறாக அமுக்கிய காற்று, ஆனால் காவல் அதேதான்: குழாய் அறுந்தால் பிடி. நிற்கிற வண்டிக்கோ இரண்டும் நிரந்தரக் காவல் இல்லை. எஞ்சினைக் கழற்றிக்கொண்டு போய்விட்டால், சிலிண்டரில் தேங்கியிருக்கிற வெற்றிடமும் சரி, அமுக்கமும் சரி, மணித்தியாலக் கணக்கில் மெல்லக் கசிந்து போகும். கசியக் கசிய பிடி தளரும். அதனால்தான் கைப்பிறேக். சக்கரத்தைச் சுற்றி, சங்கிலியை இறுக்கி, பிறேக் கட்டையைச் சில்லோடு அழுத்திப் பூட்டிவிடுகிற இரும்புப் பிடி. இரும்பு கசியாது.

2013 ஜூலை 6 அன்று கியூபெக் மாகாணத்தின் லாக்-மெகான்ரிக் என்ற சிறு பட்டினத்தில் நடந்ததை அங்கே எங்கள் தொழிலில் இருந்த யாரும் மறக்கவில்லை. 72 எண்ணெய்ப் பெட்டிகளோடு ஒரு வண்டியை ஊருக்கு மேலே சரிவில் இரவுக்கு நிறுத்தியிருந்தார்கள். எஞ்சினில் தீப்பிடித்தது. அணைக்க வந்தவர்கள் எஞ்சினை நிறுத்தினார்கள். எஞ்சின் நின்றதும் காற்று அமுக்கமும் கசியத் தொடங்கியது. போட்டிருந்த கைப்பிறேக்குகள் ஏழே ஏழு. விசாரணைக்காரர்கள் பின்னர் கணக்குப் பார்த்தபோது 17க்குக் குறையாமல் தேவைப்பட்டிருக்கும் என்று கண்டார்கள். ஆளில்லாத வண்டி 11 கிலோமீற்றருக்குமேல் உருண்டு வந்து ஊரின் நடுவில் தடம்புரண்டு எரிந்தது. 47 பேர் இறந்தார்கள். 2024 பெப்ரவரி 25 அன்று இந்தியாவில், ஜம்முப் பக்கம் கதுவாவில் நிறுத்தியிருந்த 53 பெட்டிச் சரக்கு வண்டி, சாரதி இல்லாமலே புறப்பட்டு, கிட்டத்தட்ட 70 கிலோமீற்றர் பஞ்சாபுக்குள் ஓடியது. தண்டவாளத்தில் மரக்கட்டைகளைப் போட்டு நிறுத்தினார்கள். நல்ல காலம், ஒருவருக்கும் ஒன்றும் ஆகவில்லை. இரண்டு செய்தியையும் மாமாவுக்கு வாசித்துக் காட்டினேன். இரண்டு முறையும் அவர் கேட்டது ஒரே கேள்வி: “கைப்பிறேக்கைச் செக் பண்ணிப் பாத்தவங்களோ?”

கைப்பிறேக்கைச் சரிபார்ப்பது என்றால் சக்கரத்தைச் சுற்றிவிட்டு வருவது இல்லை. சுற்றி இறுக்கிய பிறகு, காற்று பிறேக்கை விலக்கிவிட்டு, வண்டியால் பெட்டிகளை மெல்லத் தள்ளியும் இழுத்தும் பார்க்கவேண்டும். அசையாமல் நின்றால்தான் அது பிறேக். அசைந்தால் இன்னும் ஒரு பெட்டியில் இறுக்கு, மறுபடி பார். அதன் பிறகு சில்லுக்கு அடைகட்டை. அதன் பிறகு, பெட்டியின் மூலை பக்கத்துப் பாதையில் வருகிற வண்டியை உரசாத தூரத்தில் நிற்கிறதா என்று எல்லைக்குறியைப் பார்க்கவேண்டும். இத்தனையும் முடித்துவிட்டுத் திரும்பி நடக்கும்போது வருகிற நிம்மதி இருக்கிறதே, அதைப் போல நல்ல நித்திரை தருகிற மருந்து வேறில்லை.

இணைக்கிற வேலையில் எனக்கு மிகப் பிடித்தது தூரம் சொல்வது. தள்ளிக்கொண்டு போகும்போது ஓட்டுகிறவனுக்கு முன்னால் பெட்டிச் சுவர்தான் தெரியும். கண்ணாக இருப்பவர் தரையில் நிற்கிற தோழர். அவர் வானொலியில் பெட்டிக் கணக்கில் தூரம் சொல்வார்: பத்து, ஐந்து, மூன்று, இரண்டு, ஒன்று, அரை, நில். கனடிய விதிகளில் இதற்கு ஓர் அற்புதமான ஏற்பாடு இருக்கிறது. ‘பத்து’ என்று கேட்ட பிறகு அடுத்த சொல் காதில் விழவில்லை என்றால், பாதித் தூரத்துக்குள், அதாவது ஐந்து பெட்டி நீளத்துக்குள், நிறுத்திவிடவேண்டும். வானொலி பழுதாகியிருக்கலாம், தோழர் தடுக்கி விழுந்திருக்கலாம். காரணம் எதுவானாலும் மௌனத்துக்கு ஒரே அர்த்தம்: நில். இதை விதியாக எழுதியவரின் அறிவை நான் வணங்குகிறேன். மற்றத் தொழில்களில் மௌனத்தைச் சம்மதம் என்று எடுத்துக்கொள்கிறோம். இங்கே மௌனம் சிவப்பு விளக்கு. வானொலி வருவதற்கு முன்பு மாமாவின் ஆட்கள் கொடியாலும் அரிக்கன் விளக்காலும் இதையேதான் செய்தார்கள். விளக்கு கண்ணில் படவில்லையா, எஞ்சின் நிற்கும்.

கடைசி அரைப் பெட்டித் தூரத்தில் வேகம் நடையைவிடக் குறையவேண்டும். ‘டொக்’ என்று ஒரு சத்தம். பூட்டிக்கொண்டது போலத் தெரியும். ஆனால் தெரிவதை நம்பி யாரும் போவதில்லை. எதிர்ப்பக்கமாக மெல்ல இழுத்துப் பார்க்கவேண்டும். இணைப்பு விறைத்து, பெட்டியும் கூட வந்தால்தான் பூட்டியது என்று பொருள். பிறகு ஓட்டுகிறவன் பிறேக்கைப் பிடித்து, கியரை நடுவில் போட்டு, ‘காவல் போட்டாயிற்று’ என்று வாயால் சொல்லவேண்டும். அந்தச் சொல்லைக் கேட்காமல் கீழே நிற்கிறவர் குழாய் இணைக்க உள்ளே கால் வைக்கமாட்டார். வவுனியா மேடையில் நான் பார்த்த அதே வரிசை! கடல் கடந்து, கண்டம் கடந்து, வேறு இணைப்பு, வேறு பிறேக், வேறு மொழி. ஆனால் முட்டு, நில், சொல், பிறகு உள்ளே போ. அதை அங்கே முதல்முறை கண்டபோது சந்தோசத்தில் எனக்குத் தொண்டை அடைத்தது.

பராமரிப்பைப் பற்றிச் சொல்லாவிட்டால் இந்த வண்டியின் பாதி அழகைச் சொல்லவில்லை. காலையில் எஞ்சினை முறுக்க முதல் ஒரு சுற்று நடை. இரும்புச் சில்லின் விளிம்பு தேய்ந்து கூராகியிருக்கிறதா, பிறேக் கட்டையில் வெடிப்பு உண்டா, ஹைட்றோலிக் குழாய்கள் எங்காவது வியர்த்திருக்கின்றனவா, இணைப்புத் தாடைக்குள் கல் புகுந்திருக்கிறதா, கோன் அடிக்கிறதா, நான்கு பக்க விளக்கும் எரிகிறதா. காற்றுத் தாங்கியின் அடியில் இருக்கிற சின்னத் திருகைத் திறந்து தண்ணீரை வடித்துவிடவேண்டும். அமுக்கிய காற்றிலிருந்து ஈரம் பிரிந்து அடியில் தங்கும். கனடாவின் குளிரில் அந்தத் தண்ணீர் பனிக்கட்டியாகி வால்வை அடைத்தால் பிறேக்கே இல்லை. பனி இல்லாத ஊரில் அதே தண்ணீர் தாங்கியை உள்ளே இருந்து துருப்பிடிக்க வைக்கும்.

இனி மணல். ஆம், மணல்! எவ்வளவு பெரிய எஞ்சினானாலும் சில்லுக்கு முன்னால் மணல் தூவுகிற குழாய் இருக்கும். நனைந்த தண்டவாளத்தில் இழந்த பிடியை ஒரு கைப்பிடி மணல் திருப்பிக் கொடுத்துவிடும். அந்த மணல் எலும்பாகக் காய்ந்திருக்கவேண்டும். ஈரம் பட்டால் கட்டியாகிக் குழாயை அடைக்கும், தேவைப்படுகிற அன்றைக்குத்தான் அடைக்கும். காலையில் மூடியைத் திறந்து கையை விட்டு மணலை அளைந்து பார்ப்பேன். விரலிடுக்கால் வழுகி விழுந்தால் சந்தோசம். வன்னியில் ஐப்பசி, கார்த்திகை மாரி தொடங்கிவிட்டால் தண்டவாளம் நாள்முழுக்க நனைந்துதான் கிடக்கும். அங்கே இந்த வேலை செய்கிறவனுக்கு எஞ்சின் ஒயிலைவிடக் காய்ந்த மணல்தான் முதல் கவலையாக இருக்கவேண்டும்.

ஊருக்குத் திரும்பி வந்தபோது அணையின்மேல் தண்டவாளம் இருந்தது. ஓமந்தைக்கு வடக்கே இந்தியக் கடனுதவியில் இர்கொன் நிறுவனம் போட்ட பாதை. 2011 இல் ஓமந்தை, 2013 செப்ரெம்பர் 14 இல் கிளிநொச்சி, 2014 மார்ச்சில் பளை, அதே ஒக்ரோபரில் யாழ்ப்பாணம், 2015 ஜனவரியில் காங்கேசன்துறை என்று படிப்படியாகக் கோச்சி ஏறிவந்தது. லாக்-மெகான்ரிக் எரிந்து இரண்டு மாதத்தில் கிளிநொச்சிக்குக் கோச்சி வந்த செய்தி கேட்டு, ஒரே வருடத்தில் தண்டவாளம் எனக்கு அழுகையும் கொடுத்தது, கொண்டாட்டமும் கொடுத்தது. சிலிப்பர் கட்டை இப்போது கொங்கிறீற். புளியங்குளம், மாங்குளம், முறிகண்டி, பரந்தன் என்று ஒவ்வொரு நிலையத்திலும் இறங்கிப் பார்த்தேன். பக்கப் பாதை எங்கே பிரிகிறது, எல்லைக்குறி எங்கே இருக்கிறது, சரிவு எந்தப் பக்கம் என்று பார்ப்பதே என் தல யாத்திரை.

ஓர் ஆசையைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. எங்கள் நெல்லும் அரிசியும் ஏ-9 இல் லொறிகளில்தான் போகின்றன. கிளிநொச்சியிலோ மாங்குளத்திலோ ஒரு பக்கப் பாதை, நாலைந்து சரக்குப் பெட்டி, தெருவிலும் தண்டவாளத்திலும் ஓடுகிற ஒரு வண்டி இருந்தால் போதும். அதற்காகப் பெரிய எஞ்சின் ஒன்றைக் கொழும்பிலிருந்து கொண்டுவந்து நாள்முழுக்கக் காத்து நிற்க வைக்கவேண்டியதில்லை. இலங்கையின் சண்டிங் எஞ்சின்களில் பெயர்போனவை 1969 இல் இங்கிலாந்தின் லீட்சிலிருந்து வந்த வை வகை ஹன்ஸ்லெற் எஞ்சின்கள். மருதானைப் பக்கம் அவை ஓடுவதைப் பார்த்து நான் கைதட்டியிருக்கிறேன், இவ்வளவு வயதிலும் என்ன உழைப்பு! அடுத்த தலைமுறைக்கு இன்னொரு வகை வேண்டும். அதைப் பழுதுபார்க்கப் பிள்ளைகளும் எங்களிடம் இருக்கிறார்கள். அறிவியல் நகரில் இலங்கை-ஜேர்மன் பயிற்சி நிலையம் இருக்கிறது, பக்கத்தில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் பொறியியல் பீடம் இருக்கிறது. லாண்ட்மாஸ்ரர் உழவு இயந்திரத்தைக் கண்ணை மூடிக்கொண்டு கழற்றிப் பூட்டுகிற எங்கள் பிள்ளைகளுக்கு ஒரு ஹைட்றோலிக் இணைப்பு எம்மாத்திரம்!

அதுவரைக்கும், இதை வாசிக்கிறவர்கள் ஒன்று செய்யுங்கள். எஞ்சின் மாற்றுகிற வேளையில் வவுனியா நிலையத்துக்குப் போங்கள். மேடையை விட்டு இறங்காதீர்கள், நிற்கிற பெட்டிகளுக்கு இடையால் கடந்து போகிற ஆட்களைக் கண்டால் கூப்பிட்டுத் தடுங்கள். பிள்ளைகளைக் கூட்டிப் போனால் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள். எஞ்சினைப் பார்க்காதீர்கள், அது எல்லாருக்கும் தெரியும். தண்டவாளத்துக்குப் பக்கத்தில் நிற்கிற மனிதரின் கையைப் பாருங்கள். எஞ்சின் நெருங்க நெருங்க அந்தக் கை எவ்வளவு மெல்ல இறங்குகிறது, முட்டியதும் எங்கே நிற்கிறது, சாரதியின் முகத்தைப் பார்க்காமல் அவர் ஓர் அடியாவது உள்ளே வைக்கிறாரா என்று பாருங்கள். கொழுவி முடித்து அவர் வெளியே வந்து நிமிர்ந்ததும் மேடையிலிருந்து ஒரு கைதட்டல் கொடுங்கள். நான் ஒவ்வொரு முறையும் கொடுக்கிறேன். முதலில் திகைப்பார்கள், பிறகு சிரிப்பார்கள். ஒருமுறை ஒருவர் மேடைக்கே வந்து, “அண்ணை, நீங்களும் இந்த வேலையோ?” என்று கேட்டார். மாமாவின் பெயரைச் சொன்னேன். அவருக்குத் தெரிந்திருந்தது. அடுத்த வண்டி வருகிற வரைக்கும் கைப்பிறேக்கைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தோம்.